கேமரா என் வீட்ல, கன்ட்ரோல் மாட்டினவன்கிட்ட

இந்த சிசிடிவி மாட்ட வர்றவங்கள யாராச்சும் புடிச்சு நாலு கேள்வி கேளுங்கப்பா, முடியல. காசக் கொட்டி கேமரா, வீடியோவ பதிவு பண்ற டிவிஆர் பெட்டி, ஹார்ட் டிஸ்க்னு எல்லாம் வாங்கி மாட்டி முடிச்சு, பாஸ்வேர்டு என்ன தம்பின்னு கேட்டா "அட்மின்123 சார், எல்லா வீட்டுக்கும் அதான் போடுவோம், நீங்க மறந்தாலும் நாங்க வந்து எடுத்துக்கலாம்ல"னு பெருமையா சொல்றான். எல்லா வீட்டுக்கும்!!

ராஜ்கோட்ல ஒரு பிரசவ ஆஸ்பத்திரி கேமரா வீடியோவ எடுத்து டெலிகிராம்ல வித்தானுங்களே 2025ல, அங்கயும் இதே அட்மின்123 தான்னு செய்தில வந்துச்சு. சொன்னா "அது ஆஸ்பத்திரி சார், உங்க வீட்ட எவன் பாக்கப்போறான்"ங்குறான். அட, எவனும் உக்காந்து பாக்கவே வேணாம்ப்பா. 2016ல மிராய்னு ஒரு வைரஸ் மாதிரி புரோகிராம் வந்துச்சு, நெட்ல இருக்குற கேமரா, டிவிஆர், ரவுட்டர்னு ஒவ்வொண்ணா தட்டி கம்பெனிலேயே வச்சு வர்ற அறுபது சொச்சம் டீஃபால்ட் பாஸ்வேர்ட போட்டுப் பாத்தே லட்சக்கணக்குல வளைச்சுப் போட்டுச்சு, அதுங்க எல்லாத்தையும் ஒரே நேரத்துல டிராஃபிக் அனுப்ப வச்சு அடிச்ச அடில ட்விட்டர், நெட்ஃப்ளிக்ஸ் எல்லாம் மணிக்கணக்கா படுத்துச்சு.

சரி பாஸ்வேர்ட நானே மாத்திட்டேன், அதோட முடிஞ்சுதா? போன்ல கேமரா பாக்குற ஆப்ல டிவைஸ அவன் ஈமெயில்ல ரிஜிஸ்டர் பண்ணிட்டு எனக்கு வெறும் ஷேர் குடுத்திருக்கான். என் வாசல், என் ஹாலு, ஆனா ஓனர் அவன், நான் விருந்தாளி! நான் ஆட் பண்ணப் போனா இது வேற அக்கவுண்ட்ல இருக்குன்னு காட்டுது, அவன் எடுத்து விட்டாதான் எனக்கு வரும். போன் போட்டா "சைட்ல இருக்கேன் சார், நாளைக்குப் பண்றேன்". நாளைக்கும் சைட்லதான் இருப்பான், இந்த ஊர்ல எல்லா டெக்னீஷியனும் எந்நேரமும் சைட்லதான் இருக்கானுங்க, அந்த சைட் எங்கதான் இருக்கோ தெரியல.

இதுல ரவுட்டர்ல யுபிஎன்பிய வேற ஆன் பண்ணி விட்டுட்டுப் போயிருக்கான், அது ஆன்ல இருந்தா டிவிஆர் தானாவே போர்ட்ட, அதாவது வெளிய நெட்லேந்து உள்ள வர்ற வழிய, திறந்துக்கும். ஆப் கிளவுட் வழியா, அதாவது கம்பெனி சர்வர் வழியா ஓடும்போது அது எதுக்குடா? டிவிஆருக்குள்ள ஓடுற சாஃப்ட்வேருக்கு, அதான் ஃபர்ம்வேருக்கு, அப்டேட் கேட்டா "நல்லா ஓடுதுல்ல சார், கை வைக்காதீங்க"னு பதில்.

இனிமே மாட்டப் போறவங்க, உங்க ஈமெயில்ல உங்க போன்லயே ரிஜிஸ்டர் பண்ணச் சொல்லுங்க, அப்புறம் மிச்ச காசக் குடுங்க. நான் கடை ஓனர்கிட்டயே பேசிட்டேன், அக்கவுண்ட் மாத்தித் தர விசிட் சார்ஜ் 500 ரூபாயாம், ஜிஎஸ்டி தனியாம்.