முப்பது சதவீதக் கை

எங்கள் தெருக் கொத்தனார் அண்ணனுக்கு விபத்து நஷ்டஈட்டு கேஸுக்காக மெடிக்கல் போர்டில் 30 சதவீத ஊனம் என்று எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். காலையில் எக்ஸ்எல்லில் வேலைக்குப் போனவரைப் பின்னால் வந்த கார் தட்டிவிட்டது. வலது தோளில் பிளேட் வைத்து, மாதக்கணக்கில் பிசியோ பார்த்தபிறகு, கை தோள்மட்டம் வரை எழும்புகிறது. அதற்கு மேல் வராது. சாப்பிடுகிறார், சட்டை போடுகிறார், டீ கிளாஸ் பிடிக்கிறார். பார்க்கிறவர்கள் ‘நல்லாத்தானே இருக்கார்’ என்கிறார்கள்.

அவர் பேர்போனது சீலிங் பூச்சுக்கு. சாரத்தில் நின்று தலைக்கு மேலே கலவையை அடித்து, மட்டப்பலகையை இழுக்கிற வேலை. ஒருநாள் ஏறிப் பார்த்தார். நான்காவது கரண்டிக்குக் கை தொங்கிவிட்டது, கலவை முகத்தில் விழுந்தது. இறங்கி, கையைக் கழுவிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார். இந்த ஆளுக்கு 30 சதவீதம்தான் போயிற்று என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வருகிறது.

டாக்டர் சொல்வது உடம்புக் கணக்கு, அதில் தப்பில்லை. பிழைப்புக் கணக்கு வேறு. இதை நான் கண்டுபிடிக்கவில்லை. ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் 2010லேயே உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. இடது கை போனால் சான்றிதழில் 60 சதவீதம் வரலாம், ஆனால் போனது டிரைவர் கை, தச்சர் கை என்றால் சம்பாதிக்கும் திறன் ஏறக்குறைய முழுசாகப் போயிற்று, அரசு கிளார்க் என்றால் வேலையே போகாமலும் இருக்கலாம் என்று. அதற்கும் முன்னால் 1975இல் நான்கு நீதிபதிகள் அமர்வு, முழங்கைக்கு மேலே இடது கையை இழந்த ஒரு தச்சருக்கு 100 சதவீத இழப்பு என்றே எடுத்துக்கொண்டது.

சட்டம் இப்படி இருக்க, நடப்பு எப்படி? சதவீதத்தை ஒரு தொகையால் பெருக்கிக் கொடுத்துவிடும் வழக்கம் நம் ஊர் விபத்து நஷ்டஈட்டுத் தீர்ப்பாயங்களில் உண்டு. சதவீதத்துக்கு 5,000 என்றால் 30க்கு ஒன்றரை லட்சம். தீர்ந்தது. அதையே வருமான இழப்பாகப் பாருங்கள். அண்ணனுக்கு வயது 38, அந்த வயதுக்கு வருட வருமானத்தைப் பெருக்கக் கோர்ட்டு வைத்திருக்கும் எண் 15. மாத வருமானம் 12,000 என்று குறைத்தே வைத்து, எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் சேர்த்தால், அதே 30 சதவீதத்துக்கு 9,07,200 ரூபாய். தொழில் இழப்பு 70 சதவீதம் என்று நிரூபித்தால் 21 லட்சத்தைத் தாண்டும். ஒரே தோள், ஒரே பிளேட்!

12,000 என்று ஏன் வைத்தேன் என்றால், அவர் வாங்கிய கூலிக்குக் காகிதம் கிடையாது. நாளுக்கு 1,100, மாதம் இருபது நாளாவது வேலை இருக்கும். சனிக்கிழமை சாயங்காலம் மேஸ்திரி எண்ணிக் கையில் கொடுப்பார். சம்பளச் சீட்டு எங்கே என்று இன்சூரன்ஸ் வக்கீல் கேட்டால் என்ன காட்டுவது? கால் போன ஒரு காய்கறி வியாபாரியின் வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் ரசீது கேட்காமலே மாதம் 6,500 வருமானத்தை ஏற்றுக்கொண்டது உண்மைதான். ஆனால் எல்லா வழக்கும் உச்ச நீதிமன்றம் வரை போகுமா? இதே ஆள் ஈ.எஸ்.ஐ. உள்ள கம்பெனியில் இருந்திருந்தால், வேலைக்குப் போகிற வழியில் பட்ட அடியும் வேலைக் காயம் என்றே கணக்காகும். கொத்தனாருக்கு ஏது ஈ.எஸ்.ஐ.?

இன்னொன்று. அன்று அண்ணன் வண்டியில் பின்னால் உட்கார்ந்து போன சித்தாள் அக்காவுக்குக் காரை எலும்பு முறிந்தது. ஆஸ்பத்திரியில் சேர்த்த புண்ணியவான் ‘வண்டியிலிருந்து விழுந்துட்டாங்க’ என்று சொல்ல, ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டின் நகலான ஏ.ஆர். காப்பியில் அப்படியே ஏறிவிட்டது. மோதிய கார் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டுதான் இப்போது எதிர்த்தரப்பு பேசுகிறது. உங்கள் வீட்டில் யாருக்காவது சாலை விபத்தில் அடிபட்டால், நல்ல வேளையாக முதல் 48 மணி நேரச் சிகிச்சையை அரசுத் திட்டம் பார்த்துக்கொள்கிறது, நீங்கள் அந்த ஏ.ஆர். காப்பியில் என்ன எழுதுகிறார்கள் என்று ஒரு கண் வையுங்கள். நஷ்டஈட்டு மனுவையும் ஆறப்போடாதீர்கள். ஆறு மாதத்துக்குள் போட வேண்டும் என்று 2022 ஏப்ரலிலிருந்து சட்டத்தில் இருக்கிறது. அதை எதிர்த்து வழக்கு நடக்கிறது, இருந்தாலும் அதை நம்பி உட்காராதீர்கள்.

அண்ணன் கேஸுக்கு இப்போது தேவை மேஸ்திரியின் சாட்சி. அவர் சட்டைப்பையில் சுருட்டி வைத்திருக்கும் சின்ன நோட்டில் யாருக்கு எத்தனை நாள், எவ்வளவு கூலி என்று எல்லாம் இருக்கிறது. கேட்டால், “கோர்ட்டு கேஸுன்னா நம்மள விட்டுருப்பா” என்கிறார். கணக்கு வழக்கைக் கிளறுவார்களோ என்ற பயம், பாவம். மகன் போனில் ஜிபேயில் வந்த சில வாரக் கூலியை மட்டும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்திருக்கிறோம். நாளை ஞாயிற்றுக்கிழமை, மேஸ்திரி வீட்டில்தான் இருப்பார். அண்ணனையும் கூட்டிக்கொண்டு இன்னொரு தடவை போகிறேன்.