புனேயை மூழ்கடித்தது கடக்வாஸ்லாவின் வயது அல்ல

பிரிட்டிஷ் காலத்துக் கடக்வாஸ்லா கல்லணை பழசாகி இடிந்ததால்தான் 1961 ஜூலை 12 அன்று புனே மூழ்கியது என்று ஒரு தகவல் சுற்றுகிறது. தவறு.

அன்று காலை முதலில் உடைந்தது, மேலே அம்பி ஆற்றில் இருந்த பான்ஷெட் மண் அணை. புத்தம் புதியது. மதகு வேலை முடியும் முன்பே மழைநீர் தேங்கிவிட்டது. மதகுக் குழாய்க்கு மேலிருந்த கரை உள்ளே இறங்க, ராணுவ வீரர்கள் இரவெல்லாம் மணல் மூட்டை அடுக்கியும் காப்பாற்ற முடியவில்லை.

அந்த வெள்ளம் அப்படியே கடக்வாஸ்லாவில் வந்து விழுந்தது. 1879-இல் கட்டி முடித்து, புனேக்குக் குடிநீர் தந்துவந்த அணை அது. தலைக்கு மேல் தண்ணீர் வழிந்தும் சில மணி நேரம் தாங்கி நின்றது. மதியத்துக்குப் பிறகுதான் உடைந்தது. இப்படி ஒரு வெள்ளத்தைத் தாங்கவென்று அதை யாரும் கட்டவில்லை. பழியைக் கிழட்டுச் சுவர்மேல் போடுவது அநியாயம்.