பாட்டி சொன்ன "நான்", நான் அல்ல

மொரீஷியஸில் எங்கள் ஊர்க் கோவிலின் இணையதளத்தை நான்கு ஆண்டுகளாக நான்தான் பராமரித்து வருகிறேன். அதில் மூத்தவர்களின் நினைவுகளுக்கென்று ஒரு பக்கம் உண்டு. பாட்டி ஒருவர் கிரியோலில் சொன்னதைப் பிரெஞ்சில் எழுதி அங்கே சேர்த்திருந்தேன். 1960 பிப்ரவரியில் கரோல் புயல் அடித்து முடிந்த மறுநாள், கோவில் கூரையின் தகரம் கரும்புக் காட்டில் கிடந்ததையும், அதைத் தன் தகப்பனாரோடு சேர்ந்து இழுத்து வந்ததையும் அவர் சொல்லியிருந்தார். பார்வையற்ற அண்ணன் ஒருவர் தைப்பூச வேலைகளுக்காகச் சபை அறைக்கு வந்தபோது, என்விடிஏ என்னும் திரைவாசிப்பானில் அந்தப் பக்கத்தைக் கேட்டார். பாதியில் ஹெட்போனைக் கழற்றிவிட்டு என்னிடம் கேட்டார்: "தம்பி, கரோல் அடித்தபோது உனக்கு எட்டு வயது என்று வருகிறதே, நீ அப்போது பிறக்கவே இல்லையே?"

அந்தக் கேள்வி என்னைச் சுட்டது. பாட்டியின் சொற்களை நான், இணையப் பக்கங்களை எழுதும் எச்டிஎம்எல் குறிமொழியில் டிவ் (div) என்னும் பொதுக் கட்டத்துக்குள் போட்டு, சாய்வெழுத்தும் இளமஞ்சள் பின்னணியும் கொடுத்திருந்தேன். கண்ணால் படிப்பவருக்கு அது வேறொருவர் பேச்சு என்று உடனே தெரியும். காதால் படிப்பவருக்கு டிவ் என்பது ஒன்றுமே இல்லை. திரைவாசிப்பான் அதைச் சொல்லாமல் கடந்துவிடும், சாய்வெழுத்தையும் வண்ணத்தையும் வழக்கமான அமைப்பில் வாசித்துக் காட்டாது. அதனால் என் முன்னுரை முடிந்த இடத்திலேயே, அதே குரலில், பாட்டியின் "நான்" தொடங்கிவிட்டது.

அதே தளத்தில் இதற்கு நேரெதிரான பிழையும் இருந்தது. தைப்பூச நிகழ்ச்சி நேரங்களைச் சொல்லும் சபை அறிவிப்பு, பிறர் சொல்லை மேற்கோளாகக் காட்டும் பிளாக்கோட் (blockquote) என்னும் குறிச்சொல்லுக்குள் கிடந்தது. காரணம், அந்தக் குறிச்சொல்லைப் போட்டால் உலாவி இரு பக்கமும் 40 பிக்சல் தள்ளிக் காட்டும், அது பார்க்க எடுப்பாக இருந்தது. அண்ணனின் காதிலோ முதலில் "பிளாக் கோட்" என்று விழுந்தது. யார் சொன்னது என்று தெரியட்டும் என்று கடைசிவரை காத்திருந்திருக்கிறார். பால்குடம் எத்தனை மணிக்குப் புறப்படுகிறது என்பதுதான் வந்தது.

பிளாக்கோட்டை ஓரம் தள்ளும் கருவியாகப் பயன்படுத்தும் பழக்கத்துக்கு ஒரு வரலாறு உண்டு. அந்தக் குறிச்சொல் 1995இல் வந்த எச்டிஎம்எல் 2.0 இலேயே இருந்தது. டிவ் 1997 ஜனவரியில் வந்த 3.2 பதிப்பில்தான் தரத்துக்குள் நுழைந்தது. பக்கத்தின் தோற்றத்தை வகுக்கும் சிஎஸ்எஸ் 1996 டிசம்பரில் வெளியானாலும் உலாவிகள் அதை ஒழுங்காகப் புரிந்துகொள்ளச் சில ஆண்டுகள் பிடித்தன. ஆகவே பத்தியை உள்ளே தள்ள வேண்டும் என்றால் அன்றைக்குக் கையில் இருந்ததை எடுத்தார்கள், அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் எச்டிஎம்எல் 4 தரமே அந்தப் பழக்கத்தைக் கைவிடச் சொல்லிவிட்டது, அதற்கே கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகிறது. இன்றும் பலர் எழுதும் செயலியில் மேற்கோள் பொத்தானை அழகுக்காக அழுத்துகிறோம்.

டிவ் எதையும் சொல்வதில்லை. இந்த வரிகளைச் சேர்த்துக் கட்டிவை என்பதோடு அதன் வேலை முடிந்தது. வேறு எந்தக் குறிச்சொல்லும் பொருந்தாதபோது கடைசியாக எடுக்க வேண்டியது அது என்று இன்றைய தரமும் எழுதிவைத்திருக்கிறது. பிளாக்கோட் ஒன்றைச் சொல்கிறது: உள்ளே இருப்பவை வேறொருவரிடமிருந்து எடுத்த சொற்கள். ஆகவே இரண்டு பிழைகளும் சமம் அல்ல என்பது என் கருத்து. பிறர் சொல்லை டிவ்வில் போட்டால் சொல்ல வேண்டியதைச் சொல்லாமல் விடுகிறோம். நம் சொல்லைப் பிளாக்கோட்டில் போட்டால் இல்லாததைச் சொல்கிறோம். ஐயம் இருந்தால் டிவ்வே மேல்.

தமிழ் படித்தவர்களுக்கு இது புதிதாக இருக்கக் கூடாது. ஓலைச்சுவடியில் மேற்கோள் குறி கிடையாது. ஆனாலும் "என்ப", "என்மனார் புலவர்" என்று சொல்லி, இது முன்னோர் கூற்று என்று நம் இலக்கண நூலார் பிரித்துக் காட்டினார்கள். இன்றும் "என்று" என்ற ஒரு சொல் அந்த வேலையைச் செய்கிறது. அது பிறர் சொல்லின் கடைசியில்தான் வரும். ஒரு வரிக்கு அது போதும், நான்கு பத்தி நீளும் பேச்சுக்குப் போதாது. தொடங்கும் இடத்திலேயே ஒருவர் தோளைத் தொட்டுச் சொல்ல வேண்டும், முடியும் இடத்திலும் சொல்ல வேண்டும். என்விடிஏ பிளாக்கோட்டுக்குள் நுழையும்போதும் வெளியே வரும்போதும் அதைத்தான் செய்கிறது.

சொன்னவர் பெயரை எங்கே வைப்பது என்பதில் நானும் தடுமாறினேன். "திருமதி இன்னார், 74" என்று பாட்டி தம் வாயால் சொல்லவில்லை, அதை எழுதியது நான். ஆகவே அது பிளாக்கோட்டுக்கு வெளியே இருக்க வேண்டும் என்ற விதி எனக்கு முழுக்கச் சரியாகப் படுகிறது. ஃபிகர் என்ற கட்டத்துக்குள் பிளாக்கோட்டை வைத்து, பெயரை அதன் விளக்கவரியான ஃபிக்கேப்ஷனில் எழுதிவிட்டேன். பிளாக்கோட்டின் சைட் (cite) என்ற பண்பில் மூலத்தின் முகவரி கொடுத்தால் ஆதாரம் காட்டியதாகப் பலர் நினைக்கிறார்கள். உலாவிகள் அதைத் திரையில் காட்டுவதில்லை, படிப்பவருக்குத் தெரிய வேண்டுமானால் கண்ணுக்குத் தெரியும் இணைப்பாகக் கொடுக்க வேண்டும்.

ஒரு வரிக்குள் அடங்கும் சிறு மேற்கோளுக்குக் கியூ என்ற குறிச்சொல் இருக்கிறது. அதை நான் பயன்படுத்துவதில்லை. மேற்கோள் குறிகளை உலாவியே போட்டுக்கொள்ளும். பிரெஞ்சுப் பக்கத்தில் பிரெஞ்சுக்காரர்களின் கோணக் குறிகளையே போடும் என்பது மூன்று நான்கு மொழிகளில் எழுதும் எங்களுக்கு ஆசை காட்டும் வசதிதான். ஆனால் அந்த வரியை நகலெடுத்து வேறிடத்தில் ஒட்டினால் பல நேரம் குறிகள் உடன் வருவதில்லை. பிறர் சொல் அங்கே மறுபடி நம் சொல்லாகிவிடுகிறது. குறிகளை நாமே தட்டச்சு செய்வதும் அதே அளவு சரி என்று தரமே சொல்லும்போது எனக்குத் தயக்கம் இல்லை.

பாட்டியின் கிரியோல் சொற்களையும் இப்போது பிரெஞ்சுக்கு மேலே அப்படியே சேர்த்து, அதற்கு எம்எஃப்இ என்ற மொழிக்குறியும் கொடுத்திருக்கிறேன். சபை அறிவிப்பு டிவ்வுக்கு மாறிவிட்டது, 40 பிக்சலைச் சிஎஸ்எஸ் பார்த்துக்கொள்கிறது. அண்ணன் மீண்டும் வந்து, விசைப்பலகையில் கியூ எழுத்தை அழுத்தி மேற்கோளிலிருந்து மேற்கோளுக்குத் தாவிப் பார்த்தார். முதல் தாவலிலேயே கரும்புக் காட்டுத் தகரத்தில் போய் நின்றது.

பழைய கும்பாபிஷேக மலரிலிருந்து எடுத்த இரண்டு பத்திகள் மட்டும் மீதி இருக்கின்றன. ஒரு பெரியவரின் பேச்சும் மலரைத் தொகுத்தவரின் எழுத்தும் அவற்றில் கலந்து கிடக்கின்றன. எது யாருடையது என்று சொல்லக்கூடியவர்கள் இன்று உயிரோடு இல்லை. அவற்றை டிவ்விலேயே விட்டு, மலரின் ஆண்டை மட்டும் மேலே எழுதியிருக்கிறேன்.