புதுக்கட்சிக்காரர்களே, முதலில் வார்டு தேர்தலுக்கு வாருங்கள்

போன வாரம் எனக்குத் தெரிந்த ஒரு தம்பி வந்தான். புதுக்கட்சி ஒன்றில் சேர்ந்து பொறுப்பும் வாங்கிவிட்டான். முகத்தில் அவ்வளவு சந்தோஷம். "அண்ணா, பேனர் வைக்க எந்த இடம் நல்லாருக்கும்?" என்று கேட்டான். "அது இருக்கட்டும், உன் பூத்தில் மொத்தம் எத்தனை ஓட்டு?" என்று கேட்டேன். தெரியவில்லை. எந்தத் தெரு வாக்காளர் பட்டியலின் எந்தப் பாகத்தில் வருகிறது என்பதும் தெரியவில்லை. அவன்மேல் எனக்குக் கோபமில்லை. அதை அவனிடம் யாருமே கேட்டதில்லையே என்ற வருத்தம்தான். இந்தப் பதிவு அவனுக்காகவும் அவனைப் போன்றவர்களுக்காகவும்.

2019 டிசம்பர் ஊரக உள்ளாட்சித் தேர்தலில், கிராம ஊராட்சி வார்டு உறுப்பினர் பதவிக்கு நின்ற ஒரு அக்காவுக்கு நான் பூத் ஏஜென்டாக உட்கார்ந்தேன். அந்தப் பதவிக்குக் கட்சிச் சின்னம் கிடையாது. அக்காவிடம் பணமும் இல்லை. இருந்தது வாக்காளர் பட்டியலின் ஒரு ஜெராக்ஸ். அதன் ஓரம் முழுக்கப் பேனாக் குறிகள். இறந்துபோனவர் பெயருக்கு நேரே பெருக்கல் குறி. கல்யாணமாகி வெளியூர் போன பெண்களுக்கு வட்டம். நடக்க முடியாதவர்களுக்கு அடிக்கோடு. திருப்பூருக்கு வேலைக்குப் போனவர்களுக்கு 'தி' என்று ஒரே எழுத்து. காலை பத்து மணிக்கே "திருப்பூர் பஸ் வந்துருச்சா, எத்தனை பேர் இறங்குனாங்க?" என்று பார்த்துவர ஆள் அனுப்பினார். வார்டில் இருந்த ஒவ்வொரு ஓட்டும் எந்த வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறது என்று அவருக்குத் தெரியும்.

பதினோரு ஓட்டில் தோற்றார். ஜனவரி 2ஆம் தேதி எண்ணிக்கை. வார்டு உறுப்பினர், ஊராட்சித் தலைவர், ஒன்றிய உறுப்பினர், மாவட்ட உறுப்பினர் என்று நான்கு பதவிக்கும் நான்கு நிறச் சீட்டு என்பதால் பிரித்து அடுக்கவே பாதி நாள் போய்விட்டது. எங்கள் வார்டின் முறை வந்தபோது நள்ளிரவு தாண்டிவிட்டது. கொஞ்ச நேரம் அழுதார். மறுநாள் காலையில் போய்ப் பார்த்தால், கிழக்குத் தெருத் தண்ணீர்த் தொட்டிக்கு மோட்டார் ஓடவில்லை என்று ஒன்றிய அலுவலகத்துக்குக் கிளம்பிக்கொண்டிருக்கிறார். "தோத்தாலும் தண்ணி வரலைன்னா எங்கிட்டதானே வருவாங்க" என்றார். அவர் எந்தக் கட்சியும் இல்லை. ஆனால் ஒரு கட்சி எங்கிருந்து முளைக்கும் என்று யாராவது என்னைக் கேட்டால், எனக்கு அந்த ஜெராக்ஸ் தாள்தான் ஞாபகம் வரும்.

நம் ஊரிலேயே இதற்குப் பெரிய பாடம் இருக்கிறது. 1949 செப்டம்பரில் ராயபுரம் ராபின்சன் பூங்காவில் கொட்டும் மழையில் தொடங்கிய திராவிட முன்னேற்றக் கழகம் 1967இல் ஆட்சிக்கு வந்தது. பதினெட்டு வருடம். அந்தக் கட்சியைப் பிடிக்கும், பிடிக்காது என்பதை ஒரு நிமிடம் ஓரமாக வையுங்கள். அந்தப் பதினெட்டு வருடத்தில் என்ன செய்தார்கள் என்று பாருங்கள். 1952 பொதுத்தேர்தலில் அவர்கள் நிற்கவே இல்லை. அந்தக் காலத்தில் ஊருக்கு ஊர் படிப்பகம், மன்றம், தெருமுனைக் கூட்டம் என்று வேலை நடந்தது. முடிதிருத்தும் கடையிலும் டீக்கடையிலும் ஒருவர் பத்திரிகையைச் சத்தமாகப் படிக்க, எழுதப் படிக்கத் தெரியாத பத்துப் பேர் சுற்றி உட்கார்ந்து கேட்டார்கள். கட்சியின் கிளை என்பது பெயர்ப் பலகைக்கு முன்னால் அந்தப் பெஞ்சில்தான் உருவானது.

அப்புறம் 1956 திருச்சி மாநாடு. தேர்தலில் நிற்பதா வேண்டாமா என்ற கேள்வியை வந்தவர்களிடமே கேட்டார்கள். மாநாட்டுப் பந்தலில் இரண்டு பெட்டிகள். நிற்கலாம் என்பவர்கள் சிவப்புப் பெட்டியில் போட வேண்டும், வேண்டாம் என்பவர்கள் கறுப்புப் பெட்டியில். சிவப்பில் 56,942, கறுப்பில் 4,203. யோசித்துப் பாருங்கள், இன்று எந்தக் கட்சி தன் தொண்டனிடம் இப்படிக் கேட்கிறது? வரிசையில் நின்று சீட்டைப் போட்டுவிட்டு ஊர் திரும்பியவன், அந்தத் தேர்தலைத் தன் தேர்தலாக அல்லவா நினைத்திருப்பான்.

1957இல் தேர்தல் ஆணையத்தின் அங்கீகாரம்கூட இல்லாமல் நின்று 15 இடம். அதற்கடுத்து நடந்ததைத்தான் பலரும் வேகமாகத் தாண்டிப் போகிறார்கள். 1959இல் சென்னை மாநகராட்சித் தேர்தல். 100 இடங்களில் 45ஐப் பிடித்தார்கள். மேயர் பதவி கிடைத்தது. குப்பை, தெருவிளக்கு, குடிநீர்க் குழாய், மாநகராட்சிப் பள்ளி எல்லாம் கைக்கு வந்தது. கோட்டைக்குப் போக எட்டு வருடத்துக்கு முன்பே, ஒரு கோப்பு எப்படி நகரும், அதிகாரி எங்கே முட்டுக்கட்டை போடுவார், மக்கள் எதற்குத் திட்டுவார்கள் என்று அந்தக் கட்சிக்காரர்கள் கற்றுக்கொண்டார்கள். 1962இல் 50 இடம். அந்தத் தேர்தலில் அண்ணாவே காஞ்சிபுரத்தில் தோற்றார். ஆனால் கட்சி சுருங்கவில்லை, மூன்று மடங்குக்கு மேல் வளர்ந்தது. தலைவர் தோற்ற தேர்தலில் ஒரு கட்சி வளர்கிறது என்றால் அதன் வேர் எங்கே இருந்திருக்க வேண்டும்?

1967இல் 1965 மொழிப் போராட்டத்தின் சூடு இருந்தது, அரிசிப் பஞ்சம் இருந்தது, ராஜாஜியோடு கூட்டணி இருந்தது என்று சொல்வீர்கள். சரி, மறுக்கவில்லை. அலை இல்லாமல் 137 இடம் வந்திருக்காது. விருதுநகரில் காமராஜரே ஒரு மாணவர் தலைவரிடம் தோற்றார், வித்தியாசம் 1,285 ஓட்டு. கோபம் நாடு முழுக்க இருக்கலாம். ஆனால் அந்த 1,285 ஓட்டை வீட்டிலிருந்து வாக்குச்சாவடி வரை யாரோ நடத்திக் கூட்டிக்கொண்டு போயிருக்கிறார்கள் என்பதை மறந்துவிடாதீர்கள்.

அது பழைய கதை, இப்போது எல்லாம் போனில் நடக்கிறது என்று அந்தத் தம்பி சொன்னான். அவனுக்கு மிசோரமைச் சொன்னேன். 1987இல் மாநிலமானதிலிருந்து அங்கே காங்கிரசும் மிசோ தேசிய முன்னணியும் மாறி மாறி ஆண்டுவந்தன. 2017இல் ஆறு சிறு கட்சிகள் சேர்ந்து ஜோரம் மக்கள் இயக்கம் என்ற அணியை அமைத்தன. 2018 தேர்தலில் கட்சியாகப் பதிவாகாததால் அவர்கள் ஆட்கள் சுயேச்சைகளாக நின்று 8 இடம் வென்றார்கள். தலைவர் லால்துஹோமா, முன்னாள் ஐபிஎஸ் அதிகாரி, செர்ச்சிப் தொகுதியில் அன்றைய முதல்வரையே தோற்கடித்தார். சுயேச்சையாக ஜெயித்துவிட்டுக் கட்சிக்காரராக இருக்கிறார் என்று 2020இல் அவருடைய பதவி பறிபோனது. 2021 இடைத்தேர்தலில் அதே தொகுதியில் மறுபடியும் வென்றார்.

இதில் எனக்கு முக்கியமாகப் படுவது லுங்லேய். 2023 சட்டமன்றத் தேர்தலுக்குச் சில மாதம் முன்பு அந்த ஊரின் நகராட்சிக்கு முதல் முறையாகத் தேர்தல். 11 வார்டு. பதினொன்றிலும் ஜோரம் மக்கள் இயக்கம். டெல்லியில் யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. டிசம்பரில் 40க்கு 27 இடம் வாங்கி லால்துஹோமா முதல்வரானபோது, தேசியத் தொலைக்காட்சிகள் திடீர் எழுச்சி என்றன. திடீரென்று ஒன்றும் இல்லை. அந்தப் பதினோரு வார்டிலேயே எல்லாம் தெரிந்துவிட்டது. மிசோரம் சின்ன மாநிலம், மொத்த வாக்காளரே எட்டரை லட்சம்தான், இங்கே மூன்று நான்கு தொகுதியிலேயே அவ்வளவு பேர் இருப்பார்கள் என்பது உண்மை. அங்கே எளிது. ஆனால் இங்கே கஷ்டம் என்பதால்தானே இங்கே இன்னும் சீக்கிரம் தொடங்க வேண்டும்?

என் வாதத்துக்கு எதிராக ஒரு பெரிய உதாரணம் இருக்கிறது, அதையும் சொல்லிவிடுகிறேன். 1982 மார்ச்சில் என்.டி.ராமாராவ் தெலுங்கு தேசம் தொடங்கினார். 1983 ஜனவரியில் 294க்கு 201 இடம். ஒன்பது மாதம். ஒரு வேனில் ஆந்திரா முழுக்கச் சுற்றினார், ரோட்டோரத்தில் தூங்கினார், மக்கள் கொண்டாடினார்கள். ஆனால் அடுத்த வருடமே, 1984 ஆகஸ்டில், கூட இருந்தவரே ஒரு கூட்டத்தைப் பிரித்துக்கொண்டு போய் முதல்வராகிவிட்டார். ராமாராவ் ஒரு மாதம் போராடித்தான் பதவியைத் திரும்பப் பெற்றார். அசாமில் 1985 அக்டோபரில் தொடங்கிய அசாம் கண பரிஷத் டிசம்பரிலேயே ஆட்சியைப் பிடித்தது. அவர்களுக்கு ஆறு வருடப் போராட்டத்தின் வேர் இருந்தது, முதல்வர் மகந்தாவுக்கு 33 வயது. தெருவில் இறங்கிப் போராடத் தெரிந்திருந்தது. ஒரு ஊராட்சியைக்கூட நடத்திப் பார்த்த அனுபவம் இல்லை. ஆட்சி முடிவதற்குள் கட்சி உள்ளுக்குள் கிழிய ஆரம்பித்து, 1991இல் இரண்டாக உடைந்து தேர்தலிலும் தோற்றது. வேகமாக வரலாம். வந்த பிறகு யாரை நம்புவது, யாருக்கு என்ன தெரியும் என்று தெரிந்துகொள்ள அவகாசம் கிடைக்காது.

ஒரு கட்சியைப் பதிவு செய்ய நூறு வாக்காளர்கள் உறுப்பினராக இருந்தால் போதும். ஆனால் 2024 மக்களவைத் தேர்தலில் தமிழ்நாட்டில் 68,000க்கும் அதிகமான வாக்குச்சாவடிகள். ஒவ்வொன்றிலும் விடியற்காலையில் மாதிரி வாக்குப்பதிவின்போது உட்கார ஒருவர் வேண்டும். சாப்பிடப் போனால் மாற்றி உட்கார இன்னொருவர். கடைசியில் 17சி படிவத்தில் பதிவான ஓட்டு எவ்வளவு என்று சரிபார்த்து நகலை வாங்கிக்கொண்டு வர வேண்டும். மாநாட்டுக்கு வரும் கூட்டம் இதைச் செய்துவிடாது. வார்டு தேர்தலில் ஒருமுறை தோற்றவன் செய்வான். அந்த அக்கா கண்ணை மூடிக்கொண்டு செய்வார். உள்ளாட்சியில் பாதி இடம் பெண்களுக்கு என்பதால், இந்த அக்காவைப் போன்றவர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். புதுக்கட்சிகள் அவர்களைத் தேடிப் போகாமல் நட்சத்திரப் பேச்சாளரைத் தேடுவது எனக்கு உண்மையிலேயே வலிக்கிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 2016 முதல் 2019 வரை தமிழ்நாட்டு ஊராட்சிகளில் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களே இல்லை, அரசு நியமித்த தனி அலுவலர்கள்தான் பார்த்தார்கள். 2019இல் தேர்தல் நடந்த 27 மாவட்டங்களில் பதவிக்காலம் 2025 ஜனவரியில் முடிந்தது, மறுபடியும் தனி அலுவலர்கள். சுமார் 12,500 கிராம ஊராட்சிகள் உள்ள மாநிலம் இது. உள்ளாட்சித் தேர்தல் தள்ளிப்போனால் முதலில் தெருவுக்கு வந்து கத்த வேண்டியவர்கள் புதுக்கட்சிக்காரர்கள்தான். பூட்டிக் கிடப்பது அவர்களுடைய பள்ளிக்கூடம். ஆனால் ஒரு சின்ன அறிக்கையோடு எல்லோரும் அடுத்த மாநாட்டுக்குப் போய்விடுகிறார்கள்.

இதையெல்லாம் அந்தத் தம்பி பொறுமையாகக் கேட்டான். கிளம்பும்போது பேனர் பற்றிப் பேசவில்லை. வாக்காளர் பட்டியல் எங்கே கிடைக்கும் என்று கேட்டான். தேர்தல் ஆணைய இணையதளத்தில் பாகம் வாரியாக இறக்கிக்கொள்ளலாம் என்று காட்டினேன். கூடவே அந்த அக்காவின் போன் நம்பரையும் கொடுத்திருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை போய்ப் பார்க்கிறானாம், பேனாவும் எடுத்துக்கொண்டு போகச் சொல்லியிருக்கிறேன்.