அந்தத் தாளில் கையெழுத்து போடாதீங்க டீச்சர்

பரீட்சை முடிந்து, திருத்திய விடைத்தாள் கட்டை ஒப்படைத்த கையோடு ஆபீஸ் ரூமுக்குக் கூப்பிடுவார்கள். "அடுத்த வருஷம் செக்‌ஷன் குறையுது மிஸ், ஜூன்ல பார்த்துச் சொல்றோம், இதுல மட்டும் ஒரு சைன் போடுங்க." ஏற்கெனவே அடித்து வைத்த தாள். 'எனது சொந்தக் காரணங்களுக்காக' என்று தொடங்கும், பெயருக்கும் தேதிக்கும் மட்டும் கோடு விட்டிருக்கும். சேலத்திலோ ஏற்காட்டிலோ தனியார் பள்ளியில் வேலை பார்த்தவர்களைக் கேட்டுப் பாருங்கள், பலருக்கு அந்தத் தாளைத் தெரியும்.

போட்டுவிட்டால் அது ஆட்குறைப்பு இல்லை, ராஜினாமா. நீங்களாகத்தான் போனீர்கள் என்று ஆகிவிடும், அதற்கப்புறம் கட்டாயப்படுத்தினார்கள் என்று நிரூபிப்பது உங்கள் பாடு. வாங்கி வந்து படித்துவிட்டுச் சொல்கிறேன் என்று எழுந்து வந்துவிடுங்கள். என்ன காரணத்துக்காக நிறுத்துகிறீர்கள் என்று நிர்வாகத்துக்கு ஒரு கடிதம் எழுதி ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள், ஒரு நகல் மாவட்டக் கல்வி அலுவலருக்கு. மலையில் ஹாஸ்டலோடு இருக்கும் பள்ளி என்றால் வேலையோடு குவார்ட்டர்ஸும் போகும், அங்கேயே படிக்கும் பிள்ளையின் ஃபீஸ் சலுகையும் போகும். அந்தப் பயத்தில்தான் பாதிக் கையெழுத்து விழுகிறது.

சரி, வழக்குக்குப் போகலாமா? இங்கேதான் எனக்குக் கோபம் வரும். ஆசிரியர் 'தொழிலாளர்' கிடையாது என்று 1988இல் சுந்தரம்பாள் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கற்பிப்பது உன்னதமான பணியாம், அதனால் தொழில் தகராறு சட்டத்தில் இருந்த (2025 நவம்பரில் அதன் இடத்தில் தொழில் உறவுச் சட்டத் தொகுப்பு வந்துவிட்டது) ஒரு மாத நோட்டீஸ், வருடத்துக்குப் பதினைந்து நாள் சம்பளம் என்ற ஆட்குறைப்பு இழப்பீடு எதுவும் நமக்கு வராது. அதே பள்ளியில் பஸ் ஓட்டுகிறவருக்கு வரும்! டெல்லியில் உபரி என்று வீட்டுக்கு அனுப்பப்பட்ட ஒரு பள்ளி டிரைவரை 2016இல் உச்ச நீதிமன்றம் மறுபடி வேலையில் சேர்க்கச் சொன்னது. அவருக்குக் கிடைத்ததில் சந்தோஷம்தான். நமக்கு மரியாதையைக் கொடுத்துவிட்டுப் பாதுகாப்பை எடுத்துக்கொண்டார்கள்.

நமக்கு இருப்பது கல்விச் சட்டம். 1973ஆம் ஆண்டின் தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் சட்டம், நீக்குவதற்குக் கல்வித்துறையின் முன் அனுமதி வேண்டும் என்றது, மேல்முறையீட்டுக்கும் வழி வைத்தது, ஆட்குறைப்புக்கென்றே 26ஆம் பிரிவு இருந்தது. இப்போது அதன் இடத்தில் 2018ஆம் ஆண்டுச் சட்டம். உங்களை எப்போது நிறுத்தினார்களோ அப்போது எது நடப்பில் இருந்தது என்று பார்த்து மனுப் போடுகிற வக்கீலாகப் பிடியுங்கள். அரசு உதவி பெறும் பள்ளி என்றால் கதையே வேறு, உபரி என்றால் பணி நிரவலில் வேறு பள்ளிக்கு மாற்றுவார்கள். மெட்ரிக் பள்ளி டீச்சருக்கு நிரவல் எல்லாம் வீட்டுக்குத்தான்.

ஒவ்வொரு மாவட்டத்திலும் ஆசிரியர்களுக்குக் கல்வித் தீர்ப்பாயம் வேண்டும், அதுவரை மாவட்ட நீதிபதியிடம் மேல்முறையீடு செய்யலாம் என்று 2002இல் டி.எம்.ஏ. பாய் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. சேலத்திலேயே அஸ்தம்பட்டி கோர்ட்டில் முடிய வேண்டிய விஷயத்துக்குச் சேலத்து டீச்சர் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடச் சென்னைக்கு ரயில் ஏறுகிறார். ரிட் பெரும்பாலும் அரசு அமைப்புகள் மீது போடுவது, அதிலும் தனியார் பள்ளி மீது அது நிற்குமா என்பதே முதல் நாள் வாதமாக இருக்கும்.

ஆனால் ஒன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள், கிராஜுவிட்டி என்கிற பணிக்கொடை. ராஜினாமா எழுதிக் கொடுத்தவருக்கும் இது உண்டு! குறிப்பிட்ட கால ஒப்பந்தத்தில் இல்லாதவர் ஐந்து வருடம் தொடர்ந்து வேலை பார்த்திருக்க வேண்டும், அவ்வளவுதான். ஆசிரியருக்குக் கிடையாது என்று 2004இல் ஒரு தீர்ப்பு வந்தது, நாடாளுமன்றம் 2009இல் சட்டத்தைத் திருத்தி 1997 ஏப்ரல் 3 முதலே செல்லும் என்றது, பள்ளிகள் அதையும் எதிர்த்துப் போய் 2022இல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றன. கணக்கு சுலபம்: கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளமும் அகவிலைப்படியும் சேர்ந்து 13,000 என்றால், 26ஆல் வகுத்து 15ஆல் பெருக்கினால் 7,500. பதினோரு வருடத்துக்கு 82,500 ரூபாய். பள்ளி தரவில்லையா, தொழிலாளர் துறையில் மனுக் கொடுங்கள், தாமதத்துக்கு வட்டியும் கேளுங்கள். "எங்க ஸ்கூல்ல அதெல்லாம் கிடையாது" என்று கிளார்க் சொன்னால் அதையும் எழுதியே தரச் சொல்லுங்கள்.

ஒரிஜினல் சர்ட்டிஃபிகேட்டைப் பீரோவில் வைத்துக்கொண்டு, கையெழுத்து போட்டால்தான் தருவோம் என்று இழுக்கிறார்களா? அதையும் அந்தக் கடிதத்திலேயே எழுதிவிடுங்கள், எந்தெந்தச் சான்றிதழ், எந்தத் தேதியில் கொடுத்தது என்று பதிவு எண்ணோடு.