அது ட்ரையாஸ் இல்லை

தொட்டபெட்டா சாலையோரத்தில் எடுத்த படத்தைப் போட்டு, "பனியுகத்துப் பூ ட்ரையாஸ் ஊட்டியில் பூத்திருக்கிறது" என்று மேலே எழுதியிருக்கிறார்கள். தயவுசெய்து இதை அப்படியே பகிர வேண்டாம்.

ட்ரையாஸ் ஆக்டோபெட்டாலா ஆர்க்டிக்கிலும் ஆல்ப்ஸ் போன்ற பனிமலைகளிலும் தரையோடு படரும் ரோஜாக் குடும்பச் செடி. பூ வெள்ளை, பெரும்பாலும் எட்டு இதழ். ஆக்டோபெட்டாலா என்றாலே எட்டு இதழ் என்றுதான் பொருள். சுமார் 12,900 ஆண்டுகளுக்கு முன் தொடங்கிய கடுங்குளிர்க் காலத்துக்கு 'யங்கர் ட்ரையாஸ்' என்று பெயர் வந்ததும் இந்தச் செடியால்தான். அந்தக் காலத்தில் படிந்த ஸ்காண்டிநேவிய ஏரிச் சேற்றில் இதன் இலைகள் கிடைத்தன.

சரி, படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள். ஐந்து மஞ்சள் இதழ், மும்மூன்றாக இலை, பூவுக்கு அடியில் நுனி பிளந்த பச்சைச் சிற்றிலைகள். இது போலி ஸ்ட்ராபெர்ரி, பொட்டென்டில்லா இண்டிகா. இதுவும் ரோஜாக் குடும்பம்தான். பழம் சிவப்பாக நிமிர்ந்து நிற்கும், கடித்தால் பஞ்சு மாதிரி, ருசியே இருக்காது. நீலகிரியின் பெயரையே தாங்கிய உண்மையான காட்டு ஸ்ட்ராபெர்ரி ஒன்று உண்டு, ஃப்ரகேரியா நீல்கெரென்சிஸ். அதன் பூ வெள்ளை. அடுத்த முறை போகும்போது அதைத் தேடிப் பாருங்கள், பறிக்காமல்.