2020இல் நடந்தது இடைத்தேர்தல் அல்ல

தம்பி, மலையகத் தமிழர் தலைவர் ஆறுமுகன் தொண்டமான் இறந்ததும் இலங்கையின் நுவரெலியாவில் இடைத்தேர்தல் நடந்து, அதில் அவர் மகன் ஜீவன் வென்றதால் கொழும்பே ஆடிப்போனது என்று எழுதியிருக்கிறீர்கள். அது பிழை. 2020 மார்ச்சிலேயே நாடாளுமன்றம் கலைந்துவிட்டது. அவர் இறந்தது மே 26இல். ஜீவன் வென்றது ஓகஸ்ட் 5 பொதுத்தேர்தலில். முகக்கவசத்தோடு, வீட்டுப் பேனையை எடுத்துக்கொண்டு வரிசையில் நின்றோமே, அதுதான்.

அப்புறம், கட்சிகள் பெறும் வாக்கு விகிதப்படி ஆசனங்களைப் பகிரும் விகிதாசார முறை வந்தபின் ஓர் உறுப்பினர் இறந்தாலோ விலகினாலோ இங்கு இடைத்தேர்தல் வைப்பதில்லை. அதே கட்சியின் வேட்பாளர் பட்டியலில் அடுத்தபடி கூடுதல் விருப்பு வாக்கு (கட்சிக்குள் வேட்பாளருக்கென்று போடும் வாக்கு) பெற்றவர் உள்ளே போவார். ஆகவே கட்சிச் சின்னத்துக்குப் புள்ளடி போட்டதோடு நிறுத்திவிடாதீர்கள். கீழே உள்ள வேட்பாளர் இலக்கங்களில் உங்கள் மூன்று விருப்பு வாக்குகளையும் பார்த்துப் போடுங்கள். லயத்தில் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளில்) பலர் அதை விட்டுவிடுகிறார்கள் என்பதுதான் என் கவலை.